மகாபலியும் அப்பீலும்

கேள்வி: நாட்டியப் போட்டியில் முதற்பரிசு கிட்டாதவர்கள் நீதிமன்றம் ஏறுகிறார்களாமே, இது நியாயமா?
— ஒரு வாசகர், திருக்கோவிலூர்

பதில்: உங்கள் ஊர்ப் பெருமாள் உலகளந்தபோது, தானம் கேட்டது சிறிய கால், அளந்தது பெரிய கால் என்று ஆட்சேபிக்க ஸகல நியாயமும் இருந்தும், மறுபேச்சின்றிச் சிரசை நீட்டினான் மகாபலி, அவனைத் தங்கள் ராஜாவாகக் கொண்டாடும் மலையாள தேசத்தாரோ, 1957-இல் தொடங்கிய பள்ளிக் கலோத்சவத்தில், ஜில்லாவில் தோற்ற குழந்தையை மாநில மேடையேற்ற அப்பீல் கமிட்டியையும், அது கைவிரித்தால் உயர்நீதிமன்றத்தையும் நாடுவதை ஒரு சம்பிரதாயமாகவே ஆக்கிவிட்டார்கள். (2018-இல் திருச்சூர் விழாவுக்கு, குழந்தைகள் உரிமைக் கமிஷனின் பெயரால் போலி உத்தரவுகளே வந்து சேர்ந்தன, அந்தக் கற்பனைத் திறனுக்கும் ஒரு கேடயம் தந்திருக்கலாம்.) அபிநயத்தின் தராதரத்தை நிர்ணயிப்பது நிபுணர் காரியம், அதில் தாம் பிரவேசிப்பதற்கில்லை என்பதே பொதுவாக நீதிபதிகள் கைக்கொள்ளும் கோட்பாடு, பக்ஷபாதத்துக்கோ விதிமீறலுக்கோ ருசு இருந்தால்தான் கதவு திறக்கும். ஆகவே நடுவர் லஞ்சம் வாங்கியிருந்தால் தாராளமாக வழக்குத் தொடரலாம். வெறுமனே ரஸனையற்றவராக இருந்தால், அதற்குச் சட்டத்தில் பரிகாரமில்லை.