மூட்டை தூக்கிய மன்மதன்

பல்கேரிய சினிமாவின் முதல் கதாநாயகன் வில்லனைப் புரட்டி எடுத்தவன் இல்லை. டூயட் பாடியவனும் இல்லை. ஊமைப் படத்தில் பாடித்தான் என்ன பிரயோஜனம்? யாரோ ஒரு பெண்மணியின் பின்னால் மூட்டை தூக்கிக்கொண்டு நடந்தவன். கூலியும் வாங்கிக்கொண்டவன்.

அந்த மகானுபாவனாக நடித்தவர் வாசில் கெண்டோவ். 1891இல் ஸ்லீவன் ஊரில் பிறந்தவர், மேடை நடிகர். அந்தக் காலத்தில் பாரிஸிலிருந்து மாக்ஸ் லிண்டர் என்றொரு காமெடியன் பட்டுத் தொப்பி, மீசை, கைத்தடி சகிதம் ஐரோப்பா முழுவதையும் சிரிக்க வைத்துக்கொண்டிருந்தார். கெண்டோவ் பார்த்தார். தொப்பி நம்மிடமும் இருக்கிறது, மீசை வளர்த்தால் வளரும், அப்புறம் என்ன குறை என்று இறங்கிவிட்டார். கதை அவர், டைரக்‌ஷன் அவர், ஹீரோவும் அவரே. சம்பளத் தகராறு வர வழியே இல்லை பாருங்கள்.

1915 ஜனவரி 13 அன்று சோஃபியாவின் 'மாடர்ன் தியேட்டர்' கொட்டகையில் படம் ரிலீஸ். கெண்டோவுக்கு அப்போது இருபத்துமூன்று வயது. பால்கன் போர்கள் ஓய்ந்து ஒன்றரை வருஷம்கூட ஆகவில்லை. அதே வருஷம் அக்டோபரில் பல்கேரியா உலகப் போரில் போய் விழப்போகிறது. இரண்டு சண்டைக்கு நடுவே கிடைத்த இடைவேளையில் ஊர் உட்கார்ந்து சிரித்துவிட்டு வந்தது.

படத்தின் பெயர் 'பல்கரான் எ கலாந்த்'. பெண்கள் என்றால் பல்கரான் உருகி வழிவான் என்று நம் பாஷையில் சொல்லிக்கொள்ளலாம். பல்கரான் ஒரு மைனர். தெருவில் ஓர் அழகியைப் பார்க்கிறான், இளிக்கிறான், கூடவே நடக்கிறான். மாரா மியாத்தேவா-லிபினா நடித்த அந்த அம்மணி விவரமானவள். வந்த ஆட்டை விரட்டுவானேன் என்று சாப்பாட்டுக் கடைக்கு அழைத்துப் போகிறாள். பில் யார் தலையில் என்று கேட்கவே வேண்டாம். அடுத்து கடை கடையாக ஏறி இறங்கல். வாங்கியதையெல்லாம் பல்கரான் கையில் அடுக்குகிறாள். படம் இப்போது யாரிடமும் இல்லை என்பதால் மிச்சத்தை நானே பார்த்துக்கொள்கிறேன்: முகவாய் வரைக்கும் பொட்டலம், உச்சியில் ஒரு தொப்பி டப்பா, அதற்கு மேலே நம்மாளின் இரண்டு கண் மட்டும், அதிலும் இன்னும் காதல். எதிரே வருகிறார் அம்மணியின் கணவர். வந்தவர் கண்ணுக்கு நம் மன்மதன் கூலியாளாகத் தெரிய, கையில் சில்லறை விழுகிறது. சுபம்.

ஒரு தேசம் தன் சினிமாவைத் தன்னையே கிண்டல் செய்து தொடங்கியதற்காகவே எனக்குப் பல்கேரியாவைப் பிடித்துப்போயிற்று. சாமி படம் எடுத்துக் கற்பூரம் காட்டித் தொடங்கியிருக்கலாம், எடுக்கவில்லையே!

அதற்குப் பிறகு கெண்டோவ் மூட்டையை இறக்கி வைக்கவே இல்லை. 1917இல் 'காதல் ஒரு பைத்தியம்'. மனைவி ஜானா கெண்டோவாதான் நாயகி, பிறகு கதாசிரியையும் அவரே. வீட்டிலேயே ஸ்டூடியோ நடத்திய தம்பதி என்று வைத்துக்கொள்ளுங்கள். 1921இல் 'சோஃபியாவில் சாத்தான்', 1922இல் 'பாய் கன்யோ'. 1933இல் 'அடிமைகளின் கிளர்ச்சி', பல்கேரியாவின் முதல் பேசும் படம். அதில் துருக்கியர் 1873இல் தூக்கிலிட்ட தேசத் தியாகி வாசில் லெவ்ஸ்கியாக நடித்தவர் யார் என்கிறீர்கள்? நம் மூட்டைக்காரரேதான். லெவ்ஸ்கி செத்தபோது வயது முப்பத்தைந்து, நடித்தபோது கெண்டோவுக்கு நாற்பத்தொன்று. ஆறு வருஷ வித்தியாசமெல்லாம் ஹீரோக்களுக்கு ஒரு வித்தியாசமா? தெருவில் வழிந்தவர் தூக்குமேடை ஏறும் வரைக்கும் உயர்ந்துவிட்டார்.

1937இல் எடுத்த கடைசிப் படத்துக்கு 'மண் எரிகிறது' என்று பெயர் வைத்தார். வாய் முகூர்த்தம்! இரண்டாம் உலகப் போரில் சோஃபியாமேல் குண்டு விழுந்தபோது 'பல்கரான்' பிரதியும் போயிற்று. அந்தக்கால நைட்ரேட் ஃபிலிமுக்குக் குண்டுகூட வேண்டாம், பீடி நெருப்பே அதிகம். மிஞ்சியது சில ஃபிரேம்கள் மட்டும்.

1948இல் அரசாங்கம் சினிமாவையே எடுத்துக்கொண்டது. கெண்டோவ் 1970 வரைக்கும் இருந்தார். நினைவுக் குறிப்பு எழுதினார். தலைப்பு 'பல்கேரியப் படத்தின் முள் பாதை'. அதில் பாதை 1910இலேயே தொடங்கிவிடுகிறது. கொட்டகைக் கணக்கோ 1915 என்கிறது. ஐந்து வருஷம் எப்படிக் கூடியது என்று ஆராய்ச்சியாளர்கள் மண்டையை உடைத்துக்கொள்கிறார்கள். எங்கள் தாத்தா தன் பள்ளிக்கூடத்துக்கு நடந்த தூரத்தை வருஷத்துக்கு ஒரு மைல் கூட்டுவார். நாங்கள் யாரும் ஆராய்ச்சிக்குப் போகவில்லை.