கீசகன் செத்தது எந்த வருஷம்?

பெரம்பலூர்ப் பக்கம் செல்போனில் குறும்படம் எடுக்கும் பையன்களின் புலம்பல் எப்போதும் ஒன்றுதான்: காசில்லை, கதாநாயகி கிடைக்கவில்லை, வீட்டில் திட்டு. தம்பிகளா, தமிழனின் முதல் படத்தை எடுத்த ஆர். நடராஜ முதலியார் கதையைக் கேளுங்கள்.

சைக்கிள் விற்று, கார் விற்று மெட்ராஸில் சௌகரியமாக இருந்த மனுஷர். இந்திய சினிமாவின் முன்னோடி பால்கேயின் படங்களைப் பார்த்தார், கெட்டது குடி. வியாபாரம் நன்றாக ஓடும்போதுதான் இந்த வியாதி தொற்றும். வைஸ்ராய் கர்சனையே படம் பிடித்த ஸ்டூவர்ட் ஸ்மித்திடம் கேமரா பழகி, கீழ்ப்பாக்கம் மில்லர்ஸ் ரோட்டில் கம்பெனி தொடங்கிவிட்டார்.

நாடகக்காரர் பம்மல் சம்பந்த முதலியார் கொடுத்த யோசனை, கீசக வதம்: பாஞ்சாலியைத் துரத்திய கீசகனைப் பீமன் கொல்லும் மகாபாரதக் கதை. சொந்தக்காரர்கள் பதறினார்கள். முதல் படமே அடுத்தவன் பெண்டாட்டியைத் துரத்துகிறவன் கதையா? வரப்போகிற தமிழ் சினிமா வில்லன்கள் அத்தனை பேரும் அதே வேலையைத்தான் செய்யப்போகிறார்கள் என்று பாவம், அவர்களுக்கு யார் சொல்வது?

லைட்டெல்லாம் கிடையாது. தலைக்கு மேல் வெள்ளைத் துணியைக் கட்டி வெயிலை வடிகட்டி இறக்கினார். மேகம் வந்தால் கீசகனுக்கு ஆயுசு கெட்டி. எடுத்ததைக் கழுவ பெங்களூருக்கு ஓட வேண்டும்; அங்கேதான் குளிர்ச்சி. எங்கள் ஊர்ச் சித்திரை வெயிலில் வைத்திருந்தால் பீமனுக்கு வேலையே இருந்திருக்காது.

முதலீடு 35,000 ரூபாய். பர்மா, சிலோன், சிங்கப்பூர் வரை ஓடி 50,000 வசூல். வரவு செலவை வெளியே சொன்ன தமிழ்த் தயாரிப்பாளர் அநேகமாக அவரோடு சரி.

தமிழனின் முதல் படத்தில் ஒரு வார்த்தை தமிழ் கேட்காது, ஊமைப்படம். எழுத்து அட்டைகள் தமிழ், ஆங்கிலம், இந்தி மூன்றிலும் உண்டு. இந்தியை எழுதியவர் மகாத்மா காந்தியின் மகன் தேவதாஸ் காந்தி. சினிமா என்றாலே முகம் சுளிக்கும் அப்பாவிடம் பிள்ளை இதை எப்படிச் சொன்னாரோ!

அடுத்தது திரௌபதி வஸ்திராபகரணம். சேலை உருவப்படும் வேஷத்துக்கு எந்த வீட்டுப் பெண் வருவாள்? கடைசியில் ஆங்கிலோ இந்திய நடிகை ஒருவர் பாஞ்சாலியானார். பிறகு லவகுசா, மார்க்கண்டேயா என்று புராணத்தை ஒரு கை பார்த்தார்.

1923-இல் தீ விபத்து. மகன் போனான். முதலியார் கேமராவை மூடிவைத்துவிட்டார்.

அந்தப் படங்களில் ஒரு அடி ரீல்கூட இன்று இல்லை. ஆனாலும் கீசக வதம் வந்தது 1916-ஆ, 1917-ஆ, 1918-ஆ என்று பார்க்காதவர்கள் எல்லோரும் இன்னும் அடித்துக்கொண்டிருக்கிறார்கள்.