ஸ்டியரிங் உங்கள் கையில் இல்லையே!

கேள்வி: நான் போன அரசுப் பேருந்தும் எதிரே வந்த லாரியும் மோதியதில் என் கால் முறிந்தது. இரு தரப்பும் மாறி மாறிப் பழி போடுகிறார்கள். இழப்பீட்டை யாரிடம் கேட்பது?

பதில்: இருவரிடமும் கேளுங்கள்! ஸ்டியரிங்கே பிடிக்காதவருக்குத் தப்பில் ஏது பங்கு? தப்பு இருவர் மீதும் இருந்தால், முழுத் தொகையையும் யாரிடமிருந்தும் பெறலாம் என்று உச்ச நீதிமன்றம் 2015-இல் தெளிவாக்கிவிட்டது. பங்கு பிரிப்பது அவர்கள் பாடு. விபத்து நடந்த ஊருக்கு அலையவும் வேண்டாம். நீங்கள் குடியிருக்கும் பகுதிக்கான மோட்டார் வாகன விபத்து இழப்பீட்டுத் தீர்ப்பாயத்திலேயே மனு போடலாம். 2019 சட்டத் திருத்தம் 6 மாதக் கெடு வைத்திருக்கிறது. மாவுக்கட்டு பிரிக்கும்வரை காத்திருக்காதீர்கள். எஃப்.ஐ.ஆர். நகல், மருத்துவ பில்கள், சம்பளச் சான்று ஆகியவற்றைப் பத்திரமாக வைத்திருங்கள். தீர்ப்புக்குப் பிறகும் பணம் தராத போக்குவரத்துக் கழகங்களின் பேருந்துகளையே நம் நீதிமன்றங்கள் ஜப்தி செய்திருக்கின்றன. தைரியமாகக் கேளுங்கள், இது தர்மம் அல்ல, உங்கள் உரிமை.