ஸ்ட்ரோலர் வாங்குவது எப்படி

ஸ்ட்ரோலர் வாங்கும்போது முதலில் பார்க்க வேண்டியது குழந்தையின் வயது. தலை நிற்காத பச்சைக் குழந்தைக்கு முழுக்கச் சாயும் இருக்கை அவசியம். தோள், இடுப்பு, கால் நடுவே பிடிக்கும் ஐந்து முனை வார் எந்த வயதுக்கும் நல்லது. கடையில் முதலில் காட்டப்படுவது என்னவோ காபிக் கோப்பை வைக்கும் வளையம்தான்.

அடுத்து எடை. ஸ்பிட்ஃபயர் போர் விமானத்தின் சக்கர அமைப்பில் பணியாற்றிய ஓவன் மெக்லாரன், 1965இல் குடைபோல் மடங்கும் அலுமினிய வண்டியை வடிவமைத்தார். எடை மூன்று கிலோவுக்கும் குறைவு. இன்றைய சொகுசு மாடல்கள் பத்து கிலோவைத் தாண்டுகின்றன, குழந்தையைச் சேர்க்காமலே. ஒரே கையால் மடக்கலாம் என்பார்கள். விளம்பரத்தில் வருபவருக்கு இன்னொரு கையில் குழந்தை இருக்காது. லிஃப்ட் இல்லாத மூன்றாம் மாடியில் வீடும் இருக்காது.

சிறிய பிளாஸ்டிக் சக்கரம் மால் தரைக்குச் சரி. சென்னை நடைபாதைக்குப் பெரிய ரப்பர் சக்கரம் வேண்டும், சஸ்பென்ஷன் வேண்டும், முதலில் நடைபாதை வேண்டும். இருக்கிற கொஞ்சத்திலும் டிரான்ஸ்ஃபார்மர், புல்லட், இளநீர்க் குவியல் என்று முன்பதிவு முடிந்திருக்கும்.

கைப்பிடியில் கனமான பையை மாட்டினால் வண்டி பின்பக்கம் குடைசாயும். ஆகவே பை இருக்கையில் ஏறும், குழந்தை அம்மாவின் இடுப்பில் ஏறும். வண்டியைத் தள்ளுவது தாத்தா.