கம்மல்காரர்

மாடு செத்த வீட்டுக்கு முதலில் வந்து சேர்வது காக்கை என்பார்கள். கலசப்பாக்கம் பக்கத்தில் காக்கைக்கு இரண்டாவது இடம்தான். அதற்கு முன்னால் ஒரு டிவிஎஸ் எக்ஸெல் வந்து நின்றுவிடும். அதன் கைப்பிடியில் ஒரு மஞ்சள் பை தொங்கும். பைக்குள் ஓரம் மடங்கிய ஃபைல் ஒன்று, கைநாட்டு வைப்பவர்களுக்கு மை பேடு, நாலு வெள்ளைத்தாள், ஒரு கட்டிங் பிளேயர். ஓட்டி வருகிறவர்தான் கம்மல்காரர்.

நகைக்கடைக்காரர் என்று நினைத்துவிட வேண்டாம். இன்சூரன்ஸ் செய்த மாட்டின் காதில் மஞ்சள் பிளாஸ்டிக்கில் 12 இலக்க எண் போட்ட வில்லை ஒன்றை அடிப்பார்களே, அதற்குத்தான் எங்கள் பக்கம் கம்மல் என்று பெயர். அவர் கால்நடைத் துறையில் வேலை செய்கிறவர் இல்லை. இன்சூரன்ஸ் ஏஜென்டும் இல்லை. புரோக்கர் என்றால் அன்றைக்கு நம் வீட்டு டீயைக் குடிக்கமாட்டார். சொந்தமாக ஒரு கன்றுக்குட்டிகூடக் கிடையாது. ஏன் என்று கேட்டால், "மாடு வெச்சா கட்டுப்படியாவாது தம்பி" என்பார். பட்டா மாறுதலுக்கு ஒருத்தர், ரேஷன் கார்டுக்கு ஒருத்தர் என்று ஊருக்கு ஊர் முளைத்திருப்பதுபோல மாட்டு க்ளைமுக்கு இவர். உங்கள் ஊரிலும் ஒருத்தர் இருப்பார், பெயர்தான் வேறாக இருக்கும்.

எதிர்வீட்டு அக்காவின் மாடு போன அன்று அவரை முழுசாகப் பார்த்தேன். ஜெர்சிக் கலப்பு, வேளைக்கு ஆறு லிட்டர் கறந்துகொண்டிருந்த மாடு. ராத்திரி வயிறு உப்பி, 1962-க்குப் போன் போட்டு, வண்டி வருவதற்குள் படுத்துவிட்டது. அக்காவின் வீட்டுக்காரர் ஆரணிக்குத் தறி வேலைக்குப் போகிறவர். வாரக்கூலியில் பாதி தறி முதலாளியிடம் வாங்கிய முன்பணத்துக்குப் போய்விடும், மீதிக் குடும்பத்தை அந்த மாடுதான் ஓட்டிக்கொண்டிருந்தது. அக்கா கொட்டாயின் நடுவில் உட்கார்ந்து, மாட்டின் கழுத்தைக் கட்டிக்கொண்டு ஒப்பாரி வைத்தாள். கூடியிருந்த தெருவே கண்ணைத் துடைத்துக்கொண்டது.

கம்மல்காரர் வந்தார். வாசலில் செருப்பைக் கழற்றினார். மாட்டைத் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொண்டார். ஒரு நிமிஷம், மெய்யாகவே ஒரு நிமிஷம், சும்மா நின்றார். அப்புறம் சொன்னார்:

"யக்கா, அழுவறத அப்புறமா அழுதுக்கலாம். மொதல்ல காதைக் காட்டு."

காதில் ஓட்டை இருந்தது. கம்மல் இல்லை.

அவர் முகம் போன போக்கைப் பார்த்து, செத்தது அவர் மாடோ என்று புது ஆள் யாராவது நினைத்திருப்பார்கள். அவருக்குத் தெரிந்த இங்கிலீஷ் நாலே வார்த்தை: நோ டேக், நோ க்ளைம். பாலிசிக்காரர்கள் மந்திரம்போலச் சொல்வது இது. மாடு என்பது நாலு கால், ஒரு வால், ஒரு மடி என்று நாம் நினைத்துக்கொண்டிருக்கிறோம். கம்பெனிக்கு மாடு என்பது ஒரு காது. அந்தக் காதிலும் கம்மல் அளவு இடம்தான் மாடு, மிச்சமெல்லாம் வெறும் தோல்.

உடனே தெருவே தேடியது. வைக்கோல் போரைக் கலைத்தார்கள், தீவனத் தொட்டியைக் கவிழ்த்தார்கள், செல்போன் டார்ச்சு வெளிச்சத்தில் எருக்குழியைக் கிளறினார்கள். கடைசியில் மூன்றாம் வகுப்புப் படிக்கிற அக்கா பையன் தன் ஜாமெட்ரி பாக்ஸிலிருந்து அதை எடுத்து நீட்டினான். இரண்டு வாரமாக அவனிடம்தான் இருந்திருக்கிறது. ஓட்டப்பந்தயத்தில் ஜெயித்த மெடல் என்று பள்ளிக்கூடத்தில் சட்டையில் குத்திக் காட்டியிருக்கிறான்.

"ஃபெவிக்விக் போட்டு ஒட்டிடலாமே" என்றார் கூட்டத்தில் ஒருத்தர். பால் சொசைட்டியில் தண்ணீர் ஊற்றிப் பிடிபட்டவர், நல்ல மனசுதான்.

கம்மல்காரர் பொங்கிவிட்டார். "இன்னாய்யா பேசற? கழண்டுச்சின்னா கழண்டுச்சின்னு எழுதிக் குடுப்போம். பொய் சொன்னா மாடும் போவும், மானமும் போவும்!" எனக்கு அவர்மேல் மதிப்பு வந்தது அந்த இடத்தில்தான். கம்மல் விழுந்த அன்றைக்கே கம்பெனிக்குச் சொல்லி வேறு கம்மல் அடித்திருக்க வேண்டும். அது நடக்கவில்லை. ஆனால் பாலிசியில் எண் மட்டும் இருப்பதில்லை. நிறம், கொம்பு, வால் குஞ்சம், பிறவி அடையாளம் எல்லாம் எழுதியிருக்கும். அவர் ஃபைலைப் பிரித்து, எச்சில் தொட்டுத் தாளைத் தள்ளி, "நெத்தியில வெள்ளைச் சுட்டி, எடது பின்னங்கால்ல வெள்ளைச் சாக்ஸ்" என்று படித்துக்கொண்டே மாட்டில் ஒவ்வொன்றையும் சரிபார்த்தார். கல்யாணத்தில் சீர்வரிசைப் பட்டியல் படிப்பதுபோல இருந்தது.

இதற்குள் பக்கத்துவீட்டுத் தம்பி ஜேசிபிக்குச் சொல்லிவிட்டான். வண்டி தெருமுனையில் திரும்பியதும் கம்மல்காரர் கையை விரித்து அதன் முன்னால் போய் நின்றார். "டாக்டரு வந்து அறுத்துப் பாக்காம ஒரு பிடி மண்ணு வுழக்கூடாது!" க்ளைம் கெட்டுப்போவதற்கு எங்கள் பக்கத்தில் முக்கியக் காரணம் மாடு இல்லை, ஜேசிபி என்பது அவர் கணிப்பு. துக்கத்தில் இருக்கிறவர்கள் முதலில் செய்வது புதைப்பது, கம்பெனி முதலில் கேட்பது போஸ்ட்மார்ட்டம் ரிப்போர்ட். இரண்டுக்கும் நடுவில் ஆறடி மண்.

பிறகு போட்டோ. மாடு முழுசாகத் தெரிய வேண்டும், காது தெரிய வேண்டும், பக்கத்தில் மாட்டுக்காரர் நிற்க வேண்டும். அக்கா வீட்டுக்காரர் விடியற்காலை பஸ்ஸில் வந்து இறங்கியிருந்தார். செல்போனை நீட்டினதும் பாவம், பழக்கதோஷம், சிரித்துவிட்டார்.

"சிரிக்காத மாமா! க்ளைமு நிக்காது!"

மறுபடி எடுத்தார்கள். மறுபடியும் உதடு கோணியது. மூன்றாவது தடவை கம்மல்காரரே பக்கத்தில் போய் நின்று, "கறவை மாட்டுக்கு வாங்கின கடன் இன்னும் எத்தினி தவணை பாக்கி?" என்று காதில் கேட்டார். போட்டோ சரியாக வந்தது.

வேலையெல்லாம் முடிந்தபின் கம்மலை ஒரு கவரில் போட்டு ஒட்டினார். "அத நான் வெச்சிக்கட்டுமா?" என்று அக்கா கேட்டாள். "கம்மலு கம்பெனிக்கி, மூக்கணாங்கவுறு உனுக்கு" என்று கயிற்றை அவிழ்த்து அவள் கையில் கொடுத்தார். யோசித்துப் பார்த்தால் நியாயமான பாகப்பிரிவினைதான்.

அவருக்கு வாயில் இருக்கிற சட்டம் தாலுகா ஆபீஸில் இருக்காது. க்ளைமுக்கு வேண்டியது நாலே பேப்பர்: தகவல் கொடுத்த கடிதம், பாலிசி, க்ளைம் ஃபாரம், போஸ்ட்மார்ட்டம் ரிப்போர்ட். அரசு மானியத் திட்டத்தில் இன்சூரன்ஸ் செய்த மாடு என்றால் பேப்பர் கொடுத்த 15 நாளில் பணம் வர வேண்டும், தவறினால் வருஷத்துக்கு 12 சதவீதம் கூட்டு வட்டி. இதை ஒரு சாபம்போல உச்சரிப்பார். அந்த வட்டியை யாருக்காவது வாங்கிக் கொடுத்திருக்கிறாரா என்று கேட்டேன். "சட்டம் இருக்குதா இல்லியா, அத மட்டும் கேளு" என்றார்.

2024 பிப்ரவரியில் மத்திய அமைச்சரவை இந்த மானியத் திட்டத்தில் ஒரு மாற்றம் செய்தது. அதுவரை இடத்துக்கும் ஆளுக்கும் தகுந்தபடி 20-லிருந்து 50 சதவீதம்வரை இருந்த விவசாயியின் பிரீமியப் பங்கை 15 சதவீதமாகக் குறைத்தது. மீதியைத் தமிழ்நாட்டில் 60-க்கு 40 என்று மத்திய, மாநில அரசுகள் கட்டும். கம்மல்காரர் இதைச் சொல்லும் தோரணையில், டெல்லியில் அன்றைக்கு இவரைக் கேட்டுத்தான் முடிவெடுத்தார்கள் என்று தோன்றும்.

எதற்குப் பணம் வராது என்பதைச் சொல்லும்போதுதான் குரல் இன்னும் கம்பீரமாகும். "பாலிசி போட்ட மொத பாஞ்சு நாளைக்குள்ள நோவுல செத்தா வராது. திருடு போனா வராது. காணாப்போனா வராது. வித்துட்டு வந்து செத்துப்போச்சின்னு அழுதா, வராதது மட்டுமில்ல, போலீஸ்காரன் வருவான்." இதைப் பால் சொசைட்டி வரிசையில் கேன்களுக்கு நடுவே தினமும் சொல்வார். பால் ஊற்ற வந்தவர்கள் கேனை மூடிக்கொண்டு கேட்பார்கள்.

ஒரேயொரு தடவை அவர் குழம்பிப்போய்ப் பார்த்தேன். பக்கத்துக் கிராமத்தில் திடீரென்று ஒரு மாடு விழுந்தது, மூக்கிலும் ஆசனவாயிலும் உறையாத கறுப்பு ரத்தம். டாக்டர் கத்தியைத் தொடவே இல்லை. அடைப்பான் நோய் என்ற சந்தேகம் வந்தால் உடம்பை அறுக்கக்கூடாது. அறுத்தால் கிருமி காற்றுப்பட்டு விதையாக மாறி, அந்த மண்ணிலேயே பல வருஷம் கிடக்கும், மனுஷனுக்கும் ஒட்டும். சுண்ணாம்பு போட்டு ஆழமாகப் புதைக்க வேண்டியதுதான். கம்மல்காரருக்கு வாழ்க்கையே இடிந்துபோயிற்று. "அறுக்காம ரிப்போர்ட்டு எப்பிடி சார்?" என்று டாக்டரின் பின்னாலேயே போனார். "காதுலேர்ந்து ஒரு சொட்டு ரத்தம் எடுத்துக் கண்ணாடியில தடவி லேபுக்கு அனுப்பினா போதும்யா" என்றார் டாக்டர். கம்மல்காரர் வானத்தைப் பார்த்துக் கும்பிட்டார். "அங்கியும் காதுதான் பாத்தியா!" என்று என்னிடம் ஒரு வாரம் சொல்லிக்கொண்டிருந்தார்.

இப்படி ஒரு உபகாரியைக் கண்டால் ஊரே வாய் நிறைய வரவேற்கும் என்று நினைப்பீர்கள். அதுதான் இல்லை. செத்த மாட்டுக்கு அவர் தெய்வம், உயிருள்ள மாட்டுக்கு அவர் எமன். காரணமில்லாமல் அவர் ஒரு கொட்டாய்க்குள் நுழைந்தால் அந்த வீட்டில் சாமிக்கு வேண்டிக்கொள்வார்கள். அவர் கண் அப்படி. நல்ல மாட்டைப் பார்த்தால் நமக்கு மடி தெரியும், திமில் தெரியும். அவருக்குத் தெரிவது காலாவதித் தேதி. "வயசு எட்டு ஆச்சா? பத்துக்கு மேல போனா பாலிசி எடுக்கமாட்டான்" என்று தடவிக்கொடுப்பார். பெண்கள் வாசலிலேயே டீயைக் கொடுத்து, வாசலிலேயே டம்ளரை வாங்கிக்கொண்டு அனுப்பிவிடுவார்கள். கார்த்திகை தீபத்துக்குத் திருவண்ணாமலையில் கூடும் மாட்டுச் சந்தைக்கு வருஷம் தவறாமல் போவார். மலையைக் கும்பிடுவது இரண்டு நிமிஷம், காதுகளைப் பார்த்துக்கொண்டே நடப்பது நாள் முழுக்க.

போன பொங்கலுக்குச் சென்னையிலிருந்து என் அக்கா மகன் வந்தான், கூடவே ஒரு லாப்ரடார் நாய். அதற்கும் இன்சூரன்ஸ் உண்டு என்று பேச்சுவாக்கில் சொல்லித் தொலைத்தான். அரைமணி நேரத்தில் எக்ஸெல் சத்தம் கேட்டது.

"எத்தினி லிட்டரு?" என்றார், நாயைச் சுற்றி வந்தபடி. மாட்டின் மதிப்பைப் பால் அளவை வைத்துப் போட்டே பழகியவர்.

"பால் அது குடிக்கும் பெரிப்பா."

ஆபரேஷன் செலவு தருவார்கள், யாரையாவது கடித்துவிட்டால் அந்த நஷ்டஈடும் தருவார்கள், சில பாலிசியில் காணாமல் போனால்கூடப் பணம் உண்டு என்று பையன் அடுக்கினான். கடைசி வரியைக் கேட்டதும் கம்மல்காரர் திண்ணையில் உட்கார்ந்துவிட்டார். "காணாப்போனா குடுக்கறானா! கறக்கற மாடு காணாப்போனா இல்ல, தின்னுட்டுத் தூங்கற நாய்க்கு உண்டா!" அமெரிக்காவில் 1982-ல் ஒரு கம்பெனி முதல் நாய் பாலிசியைப் போட்டதே லாஸி என்ற சினிமா நாய்க்குத்தான் என்று நான் ஆறுதலுக்குச் சொன்னேன். சொல்லியிருக்க வேண்டாம். "பாத்தியா, சினிமாக்காரங்களுக்குன்னா ஒரு சட்டம்" என்றார்.

அப்புறம் மனசு கேட்காமல் நாயின் காதைப் பிடித்து இரண்டு பக்கமும் திருப்பிப் பார்த்தார். "கம்மலு எங்க?"

கழுத்துத் தோலுக்கு அடியில் அரிசி அளவு சிப் வைத்திருக்கிறது, சென்னை மாநகராட்சி 2025-ல் அதைக் கட்டாயமாக்கிவிட்டது, மெஷினைக் காட்டினால் நம்பர் வரும் என்றான் பையன். கம்மல்காரர் நாயின் கழுத்தை விரலால் தடவிக்கொண்டே வெகுநேரம் யோசித்தார். நாய்க்கு சுகமாக இருந்தது போலிருக்கிறது, கண்ணை மூடிக்கொண்டது.

"வெளிய தெரியாத கம்மலுன்னா, செத்தா எப்பிடி தம்பி போட்டோ எடுக்கறது?"

பையன் அன்று சாயங்காலமே ஊருக்குக் கிளம்பிவிட்டான்.

எதிர்வீட்டு அக்காவுக்குப் பணம் வந்தது. 15 நாளில் இல்லை. கம்பெனி இரண்டு தடவை விளக்கம் கேட்டது, கம்மல்காரர் இரண்டு தடவையும் நெற்றிச் சுட்டியை வைத்தே பதில் எழுதினார். ஐந்தாம் மாதம் பாஸ்புக்கில் ஏறியது. அவர் வாங்கிக்கொண்டது பெட்ரோலுக்கு நூறு ரூபாயும் ஒரு டீயும்தான். அக்கா கேளூர் சந்தையில் ஒரு கிடேரி பிடித்தாள். குட்டியானை வண்டி செய்யாற்றுப் பாலத்தைத் தாண்டியதும் ஓரத்தில் எக்ஸெல் நின்றுகொண்டிருந்தது. வண்டியை நிறுத்தி, பின்னால் ஏறி, காதைப் பார்த்துவிட்டுத்தான் இறங்கினார்.

மாடு வைத்திருக்கிறவர்களிடம் அவர் ஒரு சேதி சொல்லச் சொன்னார். இதைப் படித்து முடித்ததும் எழுந்துபோய்க் காதைப் பாருங்கள். கம்மல் இருந்தால் நம்பரைக் காலண்டர் பின்பக்கம் எழுதி வையுங்கள். இல்லையென்றால், முதலில் உங்கள் பையனின் ஜாமெட்ரி பாக்ஸைத் திறந்து பாருங்கள்.