பல்லுக்குள் ஒரு ரோபோ

கே: ‘நானோரோபாட்டிகலி’ என்றால் என்ன? எங்கே பயன்படுத்தலாம்?
– ஒரு வாசகர், கரோல்பாக், டெல்லி

ப: நானோ ரோபோக்களைக் கொண்டு ஒரு வேலையைச் செய்தால், அதைச் சொல்லும் வினையடை அது. பெங்களூரு இந்திய அறிவியல் கழகத்தார் 2022-இல் அறிவித்த ஆய்வு அருமையான உதாரணம். இரும்பு பூசிய, திருகு வடிவ சிலிக்கா ரோபோக்களைக் காந்தப்புலத்தால் ஓட்டி, பிடுங்கிய பற்களின் நுண்குழாய்களுக்குள் அனுப்பினார்கள். உங்கள் சாந்தினி சௌக் சந்துகள்கூட இவற்றின் முன் ராஜபாட்டை! ரூட் கெனால் மருந்து எட்டாத ஆழத்தில், 2,000 மைக்ரோமீட்டர் வரை, அதாவது 2 மில்லிமீட்டர் புகுந்தன; வெப்பத்தால் கிருமிகளையும் கொன்றன. அந்தப் பல் ‘நானோரோபாட்டிகலி’ சுத்தமானது எனத் தாராளமாகச் சொல்லலாம். வீடு பெருக்கும் ரோபோ எவ்வளவு குட்டியானாலும் அதற்கு இந்தச் சொல்லைத் தராதீர்கள்.