நாலு பச்சைப் பட்டன்களில் எது அசல்?

கே: கடைக் கணக்குக்கு டேலி வேண்டும். கூகுளில் முதலில் வருவதையே அழுத்திவிடலாமா?
– பருப்பு மொத்த வியாபாரி, விருதுநகர்

ப: கல்யாண மண்டப வாசலில் முதலில் நிற்பவரை மாப்பிள்ளை என்று மாலை போட்டுவிடுவீர்களா? தேடலின் உச்சியில் நிற்பது பல நேரம் காசு கொடுத்து நிற்கும் விளம்பரம். பொடி எழுத்தில் 'ஸ்பான்சர்டு' என்று இருக்கும். பிரபல கம்பெனிகளின் பெயரில் இப்படி விளம்பரம் பிடித்து ஆட்களைப் போலித் தளத்துக்கு இழுக்கிறார்கள் என்று 2022 டிசம்பரில் அமெரிக்காவின் எஃப்பிஐயே எச்சரித்தது. டேலியின் சொந்த முகவரி டேலிசொல்யூஷன்ஸ் டாட் காம். நீங்களே டைப் செய்யுங்கள். பருப்பில் கல் கிடந்தால் மூட்டையைத் திருப்பி அனுப்புகிறவர்தானே நீங்கள்? முகவரியில் ஓர் எழுத்து கூடக்குறைய இருந்தாலும் அதையே செய்யுங்கள்.

கே: முகவரி பக்கத்தில் பூட்டுப் படம் இருந்தால் போதாதா?
– ஆசிரியை, நாகர்கோவில்

ப: நீங்கள் பேசுவதை வழியில் யாரும் ஒட்டுக்கேட்கவில்லை என்பதுதான் பூட்டுக்கு அர்த்தம். எதிரில் இருப்பவர் திருடரா என்பது அதற்குத் தெரியாது. ஜனங்கள் தப்பாக நம்புகிறார்கள் என்றுதான் 2023இல் கூகுள் தன் க்ரோமிலிருந்து அந்தப் பூட்டையே கழற்றிவிட்டது.

கே: கம்ப்யூட்டர் அசெம்பிள் செய்த தம்பி, 500 ரூபாய்க்கு ஆயுள் முழுக்க ஓடும் கணக்கு சாஃப்ட்வேர் போட்டுத் தருகிறேன் என்கிறார். ஆன்ட்டிவைரஸை மட்டும் ஆஃப் செய்ய வேண்டுமாம்.
– வெள்ளிப் பட்டறை உரிமையாளர், சேலம்

ப: நாயைக் கட்டிப்போடச் சொல்பவர் விருந்தாளி. நாயை ஊருக்கே அனுப்பிவிடச் சொல்பவர் யார்? 'ஸ்டாப்' என்ற ரேன்சம்வேர் பரவியதே பெரும்பாலும் இப்படி லைசென்ஸை உடைக்கும் கிராக், போலி லைசென்ஸ் எண் தரும் கீஜென் வழியாகத்தான். உங்கள் ஃபைல்களைப் பூட்டிவிட்டு, சாவிக்கு டாலரில் விலை கேட்கும். ஆக, 500 என்பது முன்பணம்.

சட்டமும் இருக்கிறது. திருட்டு மென்பொருள் என்று தெரிந்தே பயன்படுத்தினால், பதிப்புரிமைச் சட்டம் 63பி பிரிவின்படி குறைந்தது 7 நாள், அதிகபட்சம் 3 ஆண்டு சிறை. 50,000 முதல் 2 லட்சம் ரூபாய் வரை அபராதம். வியாபாரத்துக்கு இல்லை என்று நிரூபித்தால் கோர்ட் சிறையைத் தவிர்க்கலாம். பட்டறையில் வைத்துக்கொண்டு அதை எப்படிச் சொல்வீர்கள்?

பழகிப் பார்க்கத்தான் என்றால் டேலியே எஜுகேஷன் மோடில் இலவசமாக ஓடும். மாதத் தொடக்கத்திலும் கடைசியிலும் குறிப்பிட்ட நாட்களுக்கு மட்டும் கணக்குப் போட விடும். சம்பளக்காரன் வாழ்க்கையும் அந்த நாட்களில்தானே நடக்கிறது.

கே: ஜிஎஸ்டி ஆஃப்லைன் டூல் 299 ரூபாய் என்று வாட்ஸப்பில் வந்தது. வாங்கலாமா?
– ஜவுளிக்கடை, ஈரோடு

ப: ஜிஎஸ்டி டாட் ஜிஓவி டாட் இன் தளத்தில் அது இலவசம். லாகின்கூட வேண்டாம். வரி வாங்கும் அரசாங்கம் சும்மா தருகிற அபூர்வ வஸ்து. அதையும் காசு கொடுத்து வாங்காதீர்கள்.

கே: எக்செல் வாங்க வசதியில்லை. வேறு வழி?
– மாவு மில், தேனி

ப: லிப்ரே ஆஃபிஸ். 2010 முதல் இருக்கிறது, முழுக்க இலவசம், எக்செல் ஃபைலையும் திறக்கும். லிப்ரேஆஃபிஸ் டாட் ஆர்க் தளத்திலிருந்து மட்டும் இறக்குங்கள். ஒருமுறை சோம்பலில் நான் ஏதோ ஒரு தொகுப்புத் தளத்தில் பிடிஎஃப் மாற்றி தேடினேன். ஒரே பக்கத்தில் நாலு பச்சை டவுன்லோட் பட்டன்கள். நான் அழுத்தியது மூன்றாவது. பிரவுசரைத் திறந்தாலே சூதாட்ட விளம்பரம். என் மாமியார் எதிரில். அன்றிலிருந்து, இறங்கிய ஃபைலை ரைட் க்ளிக் செய்து, ப்ராப்பர்ட்டீஸில் டிஜிட்டல் சிக்னேச்சர்ஸ் பார்த்து, தயாரித்தவர் பெயர் இருந்தால்தான் திறக்கிறேன்.

கே: அதிகாரப்பூர்வ தளத்தில் வாங்கினால் ஆபத்தே இல்லையா?
– ஆடிட்டர் அலுவலக ஊழியர், கோவை

ப: உண்டு. உக்ரைனில் எம்.ஈ.டாக் என்று ஒரு வரிக் கணக்கு சாஃப்ட்வேர். அதன் சர்வருக்குள்ளேயே நுழைந்து, அப்டேட்டில் விஷம் கலந்துவிட்டார்கள். 2017 ஜூன் 27இல் அந்த விஷம் 'நாட்பெட்யா' என்ற பெயரில் வெடித்தது. கப்பல் கம்பெனியான மெர்ஸ்க் 4,000 சர்வர்களையும் 45,000 கம்ப்யூட்டர்களையும் பத்தே நாளில் புதிதாக நிறுவ வேண்டியதாயிற்று. அவர்களுடைய நெட்வொர்க்கின் ஆணிவேரான தகவல், உலகத்தில் ஒரே ஓர் இடத்தில் மிஞ்சியிருந்தது: கானா நாட்டு அலுவலகத்தில். தாக்குதல் நேரத்தில் அங்கே கரண்ட் கட்! மின்வாரியத்தைத் திட்டுமுன் இனி கொஞ்சம் யோசியுங்கள்.

அதற்காக அப்டேட்டை நிறுத்திவிடாதீர்கள். நல்ல ஹோட்டலில் ஒருநாள் சட்னி கெட்டது என்று சாக்கடையோரம் சாப்பிடப் போவதில்லையே. தினமும் கடை சாத்தும்போது டேட்டாவை ஹார்ட் டிஸ்கில் ஏற்றி, ஒயரைக் கழற்றி பீரோவில் வையுங்கள். கழற்றாமல் விட்டால் அதுவும் சேர்ந்தே போகும்.

கே: கிராக் ஏற்கெனவே போட்டாகிவிட்டது. இப்போது?
– பெயர் வேண்டாம்

ப: முதலில் இன்டர்நெட் ஒயரைப் பிடுங்குங்கள். வேறு மெஷினிலிருந்து பேங்க் பாஸ்வேர்டை மாற்றுங்கள். கணக்கு டேட்டாவை மட்டும் நகலெடுத்துக்கொண்டு விண்டோஸை அடியோடு புதிதாகப் போடுங்கள். அந்தத் தம்பியைக் கூப்பிடாமல். பணம் போயிருந்தால் உடனே சைபர் குற்ற உதவி எண்ணான 1930க்கு போன் செய்யுங்கள்.